கனவுக்கு ஒரே கடவுளா, ஒரு குடும்பமா?

கனவை ஆளும் தெய்வங்களைக் கற்பனையில் படைக்க உட்கார்ந்தால் முதலில் வரும் கேள்வி இது. ஒரே கடவுள் என்றால் கதை சீக்கிரம் பிடிபடும். பெயர் ஒன்று, முகம் ஒன்று, வேண்டுதலும் ஒரே இடத்துக்கு. ஆனால் கெட்ட கனவுக்கும் அவரே பொறுப்பு என்றாகிவிடுகிறது. அதற்குக் காரணம் சொல்லியே பாதிக் கதை தீர்ந்துவிடும்.

எனக்குக் குடும்பம்தான் பிடிக்கும். ரோமானியக் கவிஞர் ஓவிட் தூக்கக் கடவுளுக்கு ஆயிரம் பிள்ளைகளைக் கொடுத்தார். மார்பியஸ் மனித உருவில் வருவான். இன்னொருவன் விலங்காக, பறவையாக, பாம்பாக. ஃபான்டசஸ் மண்ணாக, பாறையாக, நீராக, மரமாக. இந்த வேலைப் பிரிவினை கனவின் தாவலுக்கு அப்படியே பொருந்துகிறது. இறந்துபோன பாட்டி நாற்காலியில் உட்கார்ந்து பேசுகிறாள். கண் இமைத்தால் அங்கே நனைந்த குடை மட்டும் சாய்ந்திருக்கிறது. ஒரு தெய்வம் எழுந்து போய், அடுத்தது வந்து உட்கார்ந்த நொடி அது!

தூக்கமும் சுமார் 90 நிமிடச் சுற்றுகளாகத்தான் ஓடுகிறது. விடியலை நெருங்க நெருங்கக் கனவுகள் நீளும். முறை வைத்துக் காவல் மாறும் தெய்வங்களுக்கு இது தோதான கடிகாரம். கடைசி முறையை, எழுந்த பிறகும் நினைவில் நிற்கும் அந்தக் கனவை, இருப்பதிலேயே இளைய தெய்வத்திடம் கொடுப்பேன்.