ஆவணப்படத் தொகுப்பாளர்: தொலைக்காட்சியா, முழுநீளப் படமா?

அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் ஆவணப்படத் தொகுப்பைத் தொழிலாக எடுத்துக்கொள்பவர் முன்னால் இரண்டு வழிகள் இருக்கின்றன. ஒன்று தொலைக்காட்சி. மற்றொன்று, திரைப்பட விழாக்களுக்கும் திரையரங்குகளுக்கும் போகும் முழுநீளப் படம். இரண்டிலும் மென்பொருள் ஒன்றுதான். ரஷஸ் (வெட்டப்படாத மூலக் காட்சிகள்) பார்ப்பதில் தொடங்கி ரஃப் கட் (முதல் கரடுமுரடான தொகுப்பு), ஃபைன் கட் (செதுக்கிய, இறுதியை நெருங்கும் தொகுப்பு) என்று போகும் படிகளும் ஒன்றுதான். வேறுபடுவது கையில் கிடைக்கும் நாட்கள். அந்த வேறுபாடு தொகுப்பாளரின் வேலையையே வேறாக்கிவிடுகிறது.

பிரிட்டனில் ஒரு மணி நேர நிகழ்ச்சியைத் தொகுக்கப் பெரும்பாலும் 6 முதல் 8 வாரங்கள் தருவார்கள். விளம்பரம் போடும் சேனல் என்றால் படத்துக்குக் கிடைப்பது சுமார் 47 நிமிடம். ஒவ்வொரு விளம்பர இடைவேளைக்கு முன்பும் பார்வையாளரைப் பிடித்து நிறுத்த ஒரு கேள்வியை எழுப்ப வேண்டும். இடைவேளை முடிந்ததும் நடந்ததை மறுபடி சொல்ல வேண்டும். அதற்கே சில நிமிடங்கள் போய்விடும். பேட்டி கொடுக்கும் தாய் பதில் சொல்லாமல் பத்து விநாடி மௌனமாக இருந்தால், அதை இரண்டு விநாடியாக்கி, வெட்டு தெரியாமலிருக்க அவர் கைகளின் அண்மைக் காட்சியைப் போட்டு, மேலே பின்னணிக் குரலை ஏற்றிவிடுவார்கள். தொகுப்பாளர் திறமை குறைந்தவர் என்பதல்ல காரணம். மூன்றாம் வாரமே சேனலுக்கு ரஃப் கட் காட்டியாக வேண்டும்.

இந்த அவசரத்திலும் ஒரு பெரிய பலன் உண்டு. ஆண்டுக்கு நான்கைந்து நிகழ்ச்சிகளை முடிப்பவருக்கு, எந்தக் காட்சியை எடுத்துவிட்டாலும் கதை குலையாது என்பது விரைவில் பிடிபட்டுவிடுகிறது. சம்பளமும் வாரக் கணக்கில் வந்துவிடும். முழுநீளப் படத்தில் அந்த நிம்மதி கிடையாது. நிதி தீர்ந்தால் வேலை பாதியில் நிற்கும்.

ஆனாலும் என் மனம் முழுநீளப் படத்தின் பக்கம்தான். அமெரிக்கத் தொகுப்பாளர்களிடையே ஒரு கணக்கு புழங்குகிறது: முடிந்த படத்தில் 10 நிமிடத்துக்கு 1 மாதம். 90 நிமிடப் படத்துக்கு ஒன்பது மாதம். அவ்வளவு நாள் எதற்கு என்று கேட்பவர்கள் ‘ஹூப் ட்ரீம்ஸ்’ (1994) படத்தைப் பார்க்க வேண்டும். சிகாகோவின் இரண்டு கறுப்பினச் சிறுவர்களின் கூடைப்பந்துக் கனவைப் பற்றிய அந்தப் படம், பொதுத் தொலைக்காட்சிக்கான 30 நிமிடக் குறும்படமாகத்தான் முதலில் திட்டமிடப்பட்டது. கையில் சேர்ந்ததோ ஏறக்குறைய 250 மணி நேரக் காட்சிகள். முடிந்தபோது படம் மூன்று மணி நேரத்தை நெருங்கியிருந்தது.

அதில் ஒரு காட்சி. சிறுவர்களில் ஒருவரான ஆர்தரின் தாய் ஷீலா, செவிலியர் உதவியாளர் பயிற்சியில் வகுப்பிலேயே முதலாவதாகத் தேறுகிறார். செய்தி கேட்டு அவர் உடைந்து அழுகிறார். கூடைப்பந்துக்கும் அதற்கும் நேரடித் தொடர்பே இல்லை. 47 நிமிடக் கணக்கில் முதலில் வெட்டுப்படுவது இப்படிப்பட்ட காட்சிதான். ஆனால் வறுமை அந்தக் குடும்பத்தை என்ன பாடுபடுத்தியிருக்கிறது என்பது விளையாட்டுப் போட்டிகளைவிட அங்கேதான் தெரிகிறது. அந்த ஆண்டுக்கான ஆஸ்கரில் சிறந்த ஆவணப்படப் பிரிவில் இப்படத்துக்குப் பரிந்துரைகூட கிடைக்கவில்லை. சிறந்த படத்தொகுப்புப் பிரிவில், கதைப் படங்களோடு சேர்த்துப் பரிந்துரைக்கப்பட்டது.

பெயர் விஷயத்திலும் முழுநீளப் படமே மேல். ரோலிங் ஸ்டோன்ஸ் ராக் இசைக்குழுவைப் பற்றிய ‘கிம்மி ஷெல்டர்’ (1970) படத்தின் தொகுப்பாளர் சார்லட் ஸ்வெரின், படத்தை இயக்கிய மேசில்ஸ் சகோதரர்களோடு இயக்குநராகவே குறிப்பிடப்பட்டார். கலிஃபோர்னியாவின் ஆல்டமாண்டில் அக்குழு நடத்திய இசை நிகழ்ச்சியில் ஒருவர் கொல்லப்பட்ட காட்சியை, குழுவின் பாடகர் மிக் ஜாகர் எடிட்டிங் மேசையில் பார்ப்பதையே படமாக்கலாம் என்ற யோசனை ஸ்வெரினுடையது. படத்தின் அமைப்பே அதன்மேல்தான் நிற்கிறது. தொலைக்காட்சியில் கதையைக் கட்டி எழுப்பும் தொகுப்பாளருக்கு இப்படி ஒரு பெயர் கிடைப்பது அரிது.

புதிதாக வருபவர் முதல் சில ஆண்டுகளைத் தொலைக்காட்சியில் கழிக்கட்டும். கை வேகம் பெறும், வாடகைக்கும் வழி கிடைக்கும். பிறகு முழுநீளப் படம் ஒன்று தேடி வந்தால், சம்பளத்தைக் கேட்பதற்கு முன் எத்தனை மணி நேர ரஷஸ், எத்தனை மாதம், உதவித் தொகுப்பாளர் உண்டா என்ற மூன்றையும் கேளுங்கள். 200 மணி நேரக் காட்சிகளுக்கு மூன்று மாதம் என்று பதில் வந்தால், அது முழுநீளப் படம் என்ற பெயரில் வரும் தொலைக்காட்சி வேலை.