காட்பாடி ஒலிப்பதிவுக் கூடம்: டிரம்ஸுக்கு ஏற்ற படிக்கட்டு

லெட் செப்பலின் என்ற ஆங்கில ராக் குழுவின் ‘வென் தி லெவி பிரேக்ஸ்’ பாட்டில் இடிபோல விழும் டிரம்ஸ், இங்கிலாந்தில் ஹெட்லி கிரேஞ்ச் என்ற பழைய வீட்டின் முன்கூடத்தில் பதிவானது. டிரம்ஸ் கீழே. ஒலிப்பதிவாளர் ஆண்டி ஜான்ஸ் மாடிப்படியிலிருந்து தொங்கவிட்டது இரண்டே மைக். 1971இல் வெளிவந்த அந்த ஒலியைத் தேடும் வேலூர்க் குழுக்களுக்கு இந்த வாடகைக் கூடம் அருமையான இடம்: மூன்று மாடிப் படிக்கட்டு, சிவப்பு ஆக்சைடு தரை, திரைச்சீலை இல்லாத வெற்றுச் சுவர்.

இரண்டு மைக்கும் ஸ்னேரிலிருந்து (டிரம்ஸில் ‘சளீர்’ என ஒலிக்கும் சிறு டிரம்) ஒரே தூரத்தில் இருக்க வேண்டும். கயிறு பிடித்து அளந்துவிடுங்கள். வித்தியாசம் வந்தால் அடி ஒரு பக்கம் முந்தும், இரண்டையும் ஒன்றாகக் கலக்கும் மோனோவில் ஒலி மெலியும். சிம்பலை (உலோகத் தட்டை) மென்மையாக அடிக்கச் சொல்லுங்கள். அடி ஓய்ந்ததும் கம்ப்ரசர் (ஒலியின் ஏற்ற இறக்கத்தைக் குறைக்கும் கருவி) சிம்பலின் இரைச்சலைத்தான் தூக்கிவிடும். வேகமான தாளம் இங்கே எடுபடாது. எதிரொலி அடுத்த அடியை விழுங்கிவிடுகிறது.

ரயில் அதிர்வுதான் பெரிய குறை. 40 ஹெர்ட்ஸுக்குக் கீழுள்ள ஒலியை வெட்டினால் ஓரளவு அடங்கும், ஹாரன் அடங்காது. ஹாரன் விழுந்த டேக்கை (ஒரு முறை வாசித்த பதிவை) மறுபடி எடுக்க வேண்டியதுதான். கோடையில் டிரம் தோலின் சுருதியை டேக்குக்கு டேக் சரிபாருங்கள். குரல் பதிவுக்குக் கீழ் அறை போதும்.