ஈவ் ஆன்லைனா, வார்கிராஃப்டா: கற்பனை உலகில் சரக்குக்கு எங்கே விலை அதிகம்?

இணைய விளையாட்டுகளில் போரிடுவதைவிட வாங்கி விற்பதையே விரும்புகிறவர்களுக்கு இருபது ஆண்டுகளுக்கும் மேலாக இரண்டு பெரிய சந்தைகள் திறந்திருக்கின்றன. ஐஸ்லாந்தின் சிசிபி நிறுவனம் 2003 மே மாதத்தில் வெளியிட்ட, விண்வெளியில் நடக்கும் ஈவ் ஆன்லைன் ஒன்று. பிளிசார்ட் நிறுவனம் 2004 நவம்பரில் வெளியிட்ட வேர்ல்டு ஆஃப் வார்கிராஃப்ட் மற்றொன்று. இரண்டிலும் கைமாறுவது திரையில் மட்டும் தெரியும் பொருள்தான். ஆனால் அந்தப் பொருளுக்கு இடமும் சுமையும் அழிவும் உண்டா என்று கேட்டால், இரண்டும் நேர் எதிரான விடை தருகின்றன.

ஈவில் ஒரு சரக்கை விலைக்கு வாங்கினால், அது விற்றவர் வைத்திருந்த விண்வெளி நிலையத்திலேயே கிடக்கும். எடுத்துச் செல்வது வாங்கியவர் பாடு. டிரைட்டேனியம் என்னும் அடிப்படைக் கனிமத்தின் ஓர் அலகு 0.01 கன மீட்டர் இடத்தை அடைப்பதால், பத்து லட்சம் அலகு வாங்கியவருக்கு 10,000 கன மீட்டர் கொள்ளும் கப்பல் வேண்டும், அல்லது அவர் பல நடை போய்வர வேண்டும். இதனாலேயே ஜிட்டா என்னும் பெருஞ்சந்தையில் ஒரு விலையும் எல்லைப்புற நிலையத்தில் வேறொரு விலையும் நிலவுகின்றன. அந்த வித்தியாசம்தான் வணிகரின் லாபம், வழியில் பறிபோகாமல் இருந்தால்.

பறிபோவதற்கும் ஒரு கணக்கு உண்டு. பாதுகாப்பு மிகுந்த பகுதிகளில் காங்கார்டு என்னும் காவல்படை, தாக்கியவரை நிச்சயமாக அழிக்கும். ஆனால் அது வந்து சேரச் சில நொடிகள் ஆகும். கொள்ளையர்கள் சரக்குக் கப்பலின் உள்ளிருப்பை முதலில் கருவியால் துருவிப் பார்த்து, தாங்கள் இழக்கப்போகும் மலிவான கப்பல்களின் விலையைவிடச் சரக்கின் மதிப்பு அதிகமாக இருந்தால் மட்டுமே அந்தச் சில நொடிகளைப் பயன்படுத்திக்கொள்கிறார்கள். கப்பல் வெடித்தால் சராசரியாகச் சரக்கில் பாதியளவு மிஞ்சும், மீதி அழிந்துபோகும் என்பதையும் சேர்த்தே அவர்கள் கணக்குப் போடுகிறார்கள். எனவே அனுபவமுள்ள வணிகர், கப்பலில் இடமிருந்தாலும் ஒரு நடைக்கு இவ்வளவு மதிப்புக்கு மேல் ஏற்றுவதில்லை என்று தமக்குத் தாமே வரம்பு வைத்துக்கொள்கிறார். அல்லது சரக்கின் மதிப்புக்கு ஈடான பிணைத்தொகையைக் கட்டச் சொல்லி, கூலிக்கு வேறொருவரிடம் ஒப்படைத்துவிடுகிறார். லாரிப் போக்குவரத்து நடத்துகிறவர்களுக்கு இதை விளக்கவே வேண்டியதில்லை.

அழிவுதான் இந்தச் சந்தையின் உயிர். கப்பல்களில் மிகப் பெரும்பாலானவை விளையாடுபவர்களே கனிமம் வெட்டிக் கட்டியவை. உடைந்தால் மீண்டு வராது. 2014 ஜனவரியில் பி-ஆர்5ஆர்பி என்னும் விண்மீன் மண்டலத்தில் நடந்த ஒரே போரில் டைட்டன் வகைப் பெருங்கப்பல்கள் 75 அழிந்தன. மொத்த இழப்பு ஏறத்தாழ மூன்று லட்சம் டாலருக்குச் சமம் என்று அப்போது மதிப்பிடப்பட்டது. இப்படிப்பட்ட பொருளாதாரத்தைக் கண்காணிக்க, சிசிபி 2007-இல் எய்யோல்ஃபர் குட்முண்ட்சன் என்ற பொருளியலாளரையே பணியில் அமர்த்தியது.

வார்கிராஃப்டில் இந்தப் பாரம் எதுவும் இல்லை. ஏலக்கூடத்தில் வாங்கிய மூலிகை அஞ்சல் பெட்டிக்கு வந்துவிடும், விற்பவரிடம் 5 சதவீதம் தரகு பிடிக்கப்படும், அவ்வளவுதான் செலவு. 2022-இல் மூலிகை, தாது போன்ற பொதுச் சரக்குகளின் சந்தை ஒரு நிலப்பகுதியின் சர்வர்கள் (ஒரே விளையாட்டு உலகின் தனித்தனிப் பிரதிகள்) அனைத்துக்கும் ஒன்றாக்கப்பட்ட பிறகு, ஒரு சர்வரில் வாங்கி இன்னொன்றில் விற்பதற்கும் அவற்றைப் பொறுத்தவரை பொருளில்லாமல் போனது. மிஞ்சுவது காலத்தை வைத்து ஆடும் வணிகம் மட்டுமே: பலர் கூடிப் பெரிய எதிரிகளைத் தாக்கும் வாராந்தரப் படையெடுப்பு தொடங்கும் நாளில் மருந்துக்குத் தேவை கூடும், விளையாட்டில் புதிய பகுதிகளைச் சேர்க்கும் விரிவாக்கம் வந்தால் பழைய சரக்கு பெரும்பாலும் தேங்கிவிடும். தலைசிறந்த ஆயுதங்களில் பலவும் பிறருக்குக் கைமாற்ற முடியாதபடி எடுத்தவருடனேயே பிணைந்துவிடுவதால் அவை சந்தைக்கே வருவதில்லை. வணிகருக்கு இது குறைதான். ஆனால் பணக்காரர் காசை வீசி எளிதில் வீரப் பெயர் வாங்க முடியாமல் தடுப்பதும் இதுவே.

சரக்கு பிணையாமலும் தேயாமலும் இருந்தால் என்ன ஆகும் என்பதற்கு பிளிசார்டின் இன்னொரு விளையாட்டான டயப்ளோ 3 சான்று. 2012-இல் உண்மைப் பணத்துக்கான ஏலக்கூடத்தைத் திறந்த பிளிசார்ட், அரக்கரைக் கொன்று பொருள் தேடும் விளையாட்டின் அடிப்படையையே அது குலைக்கிறது என்று சொல்லி 2014 மார்ச்சில் மூடிவிட்டது. நேர்மாறாக, நியூசிலாந்தில் உருவான பாத் ஆஃப் எக்ஸைல், ஆயுதத்தின் தன்மையை மாற்றப் பயன்படுகிற மணிகளையே நாணயமாக்கியது. செலவழிக்கலாம், அல்லது ஆயுதத்தின் மேல் பயன்படுத்தித் தீர்க்கலாம் என்பதால், அந்த நாணயம் முற்றிலும் மதிப்பிழந்து போவதில்லை.

மாலையில் அரை மணி நேரம் மட்டுமே கிடைக்கிறவர் வார்கிராஃப்டிலேயே இருக்கலாம். அங்கு போட்ட முதல் முழுதும் ஒரே இரவில் போய்விடாது. வணிகத்தையே விளையாட்டாக ஆட விரும்புகிறவருக்கு என் பரிந்துரை ஈவ்தான். முதல் மாதம் ஜிட்டாவை விட்டு எங்கும் நகராமல், அதே நிலையத்தில் வாங்கி அதே நிலையத்தில் விற்றுப் பழகுங்கள். லாபம் குறைவாக இருக்கும். ஆனால் முதல் நடைக்குச் சரக்கு ஏற்றும்போது, எவ்வளவு மதிப்பு போனால் தாங்குவீர்கள் என்பது அனுபவத்தில் தெரிந்திருக்கும்.