அல்ஜியர்ஸ் போர்: இரண்டாவது வட்டுக்காகவே வாங்கலாம்

ஜில்லோ பொந்தேகோர்வோ 1966இல் இயக்கிய ‘அல்ஜியர்ஸ் போர்’ படத்தை கிரைடீரியன் நிறுவனம் 2011இல் இரண்டு ப்ளூ-ரே வட்டுகள் கொண்ட தொகுப்பாக வெளியிட்டது. வரலாறு கற்பிப்பவர்கள் இதை அவசியம் வாங்க வேண்டும் என்று தயங்காமல் சொல்வேன். படம் இருக்கும் முதல் வட்டைவிட இரண்டாவது வட்டே அதற்குக் காரணம்.

1956–57இல் பிரெஞ்சு பாராசூட் படைக்கும் அல்ஜீரிய விடுதலைக்குப் போராடிய தேசிய விடுதலை முன்னணிக்கும் நடந்த மோதலை, அது நடந்த கஸ்பா என்ற பழைய நகர்ப்பகுதியின் சந்துகளிலேயே, அவ்வூர் மக்களையே நடிக்க வைத்து, கறுப்பு வெள்ளையில் எடுத்திருக்கிறார்கள். செய்திப்படத் துண்டு ஒன்றுகூடச் சேர்க்கப்படவில்லை என்றாலும் பார்ப்பவருக்கு அப்படித் தோன்றாது என்பதால், இதை நேரடிப் பதிவாகவே எடுத்துக்கொள்ளும் ஆபத்து உண்டு. முன்னணியின் அல்ஜியர்ஸ் தளபதியாக இருந்த யாசெஃப் சாதிதான் படத்தின் தயாரிப்பாளர். தம்மை ஒத்த பாத்திரத்தில் அவரே நடித்தும் இருக்கிறார். விடுதலை பெற்று நான்கே ஆண்டுகளில், வென்றவர்கள் தங்கள் போரை எப்படி நினைவுகூர விரும்பினார்கள் என்பதற்கு இது முதல்தரச் சான்று. முன்னணிக்கும் போட்டி இயக்கத்துக்கும் இடையே ஓடிய இரத்தம் இதில் இல்லை.

ஆனாலும் ஒரு காட்சியைக் கவனியுங்கள். முன்னணியின் தலைவர்களில் ஒருவரான லார்பி பென் மிஹிதி, சிறையில் சட்டையைக் கிழித்துக் கயிறாக்கித் தூக்கிட்டுக்கொண்டதாக அரசுத் தரப்பு அறிவித்திருக்கிறது. கைகால் கட்டப்பட்டிருந்தவரால் அது எப்படி முடியும் என்று நிருபர் கேட்கிறார். பென் மிஹிதியைக் கொன்றதை பிரெஞ்சு அதிகாரி பால் ஒசரெஸ் 2001இல்தான் ஒப்புக்கொண்டார். பிரெஞ்சு அரசு ஏற்றது 2024 நவம்பரில். ஆவணங்கள் வாய் திறப்பதற்குப் பல பத்தாண்டுகள் முன்பே அல்ஜீரியர்கள் அறிந்திருந்ததை இந்தப் படம் பதிவு செய்துவிட்டது.

இரண்டாவது வட்டில் முன்னாள் போராளிகளும் வரலாற்றாசிரியர்களும் பேசும் ஆவணப்படம் ஒன்றும், சித்திரவதையையும் கொலைகளையும் பற்றி பிரெஞ்சு அதிகாரிகளே கேமரா முன் கூறும் வாக்குமூலங்களும் இருக்கின்றன. படத்தில் பல அதிகாரிகளின் கலவையாக வரும் பாராசூட் படைத் தலைவர் கர்னல் மத்தியூவின் மிடுக்கைப் பார்த்த கையோடு இவர்களைக் கேட்டால், அந்த மிடுக்கில் எவ்வளவு திரைக்கதை என்பது விளங்கிவிடும். வகுப்பில் காட்டுபவர்கள் இந்தப் பகுதியை விட்டுவிடக் கூடாது.

வசன வரிகள் ஆங்கிலத்தில் மட்டுமே உள்ளன. ப்ளூ-ரே வட்டுகள் உலக மண்டலங்களுக்கு ஏற்பப் பூட்டப்படுவதுண்டு; இந்த வட்டு ‘ஏ’ மண்டலத்துக்கானது, இந்தியா ‘சி’ மண்டலம்; ஆகவே எல்லா மண்டல வட்டுகளையும் ஓட்டும் ப்ளேயர் கைவசம் இருந்தால் மட்டும் வரவழையுங்கள்.