15 வருடக் கடனா, 30 வருடக் கடனா? வட்டி ஏறும்போது தெரியும் கணக்கு

வீட்டுக் கடன் என்றால் வட்டி விகிதத்துக்குத்தான் எல்லோரும் அலைகிறார்கள். 6.9-க்குக் கிடைக்குமா, 7-க்குத்தானா என்று நாலு வங்கி ஏறி இறங்குவார்கள். எத்தனை வருடத்துக்குக் கடன் என்ற கேள்வி மட்டும் ஐந்து நிமிடத்தில் முடிந்துவிடும். "முப்பது வருஷம் போட்டுக்கோங்க சார், மாசாமாசம் கையில காசு நிக்கும்" என்பார் லோன் பிரிவில் இருப்பவர். நாமும் சரி என்று கையெழுத்துப் போட்டுவிடுவோம்.

2021-ல் திருச்சியில் வீடு வாங்கியபோது எனக்கும் இதையே சொன்னார்கள். கடன் 40 லட்சம், வட்டி 7 சதவீதம், ரெப்போவோடு (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் கொடுக்கும் வட்டி விகிதம்) சேர்ந்து ஏறி இறங்கும் ஃப்ளோட்டிங் வகை. நான் 15 வருடம் எடுத்தேன். இன்றும் யார் கேட்டாலும், மாதச் சம்பளக்காரராக இருந்தால், 15 என்றுதான் சொல்வேன். மொத்த வட்டி குறைவு என்பது அதற்கு ஒரு காரணம்தான். அதைவிடப் பெரிய காரணம் 2022-ல் வந்தது.

முதலில் எல்லோருக்கும் தெரிந்த கணக்கைச் சொல்லிவிடுகிறேன். 40 லட்சம், 7 சதவீதம். 15 வருடத்துக்கு இஎம்ஐ 35,953 ரூபாய், மொத்த வட்டி 24.7 லட்சம். 20 வருடத்துக்கு 31,012 ரூபாய், வட்டி 34.4 லட்சம். 30 வருடத்துக்கு 26,612 ரூபாய், வட்டி 55.8 லட்சம். மாதம் 9,341 ரூபாய் குறைகிறதே என்று 30-க்குப் போனால் வட்டியில் மட்டும் 31 லட்சம் கூடுதல்.

சரி, இது எந்த இஎம்ஐ கால்குலேட்டரிலும் வரும். ஆனால் இந்தக் கணக்கு முழுவதும் ஒரு விஷயத்தை நம்பி நிற்கிறது: 30 வருடமும் வட்டி 7 சதவீதத்திலேயே இருக்கும் என்பதை. ஃப்ளோட்டிங் கடனில் அது நடக்காது. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிதாகத் தரும் ஃப்ளோட்டிங் வீட்டுக் கடன்களை ரெப்போ போன்ற வெளி அளவுகோல் ஒன்றோடு இணைத்தே ஆக வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒரு முறையாவது வட்டியை அதற்கேற்ப மாற்றியாக வேண்டும். அதனால் ரிசர்வ் வங்கி ரெப்போவைக் கூட்டினால் அதிகபட்சம் மூன்று மாதத்துக்குள் அது நம் கடன் கணக்குக்கு வந்துவிடும்.

அப்படித்தான் வந்தது. 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதம். ஒரு வருடம்கூட ஆகவில்லை, இரண்டரை சதவீதம் ஏற்றம். 7 சதவீதத்தில் கடன் எடுத்தவர்களுக்கு வட்டி 9.5 ஆனது.

கடன் பாக்கி ஏறக்குறைய 40 லட்சமாகவே இருக்கும் ஆரம்ப நாட்களில் இந்த ஏற்றம் வந்தால் என்ன ஆகும்? 9.5 சதவீதத்தில் 40 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 31,667 ரூபாய். 30 வருடக்காரர் கட்டுவது 26,612. வட்டிக்கே 5,000 ரூபாய் போதவில்லை. அதே இஎம்ஐயைத் தொடர்ந்து கட்டினால் கடன் குறையாது, மாதாமாதம் வளரும். 20 வருடக்காரர் கட்டுவது 31,012; அவருக்கும் 655 ரூபாய் துண்டு விழுகிறது. 15 வருடக்காரர் கட்டும் 35,953-ல் வட்டி போக 4,286 ரூபாய் அசலில் கழிகிறது. இஎம்ஐயைத் தொடாமலே விட்டாலும் அவர் கடன் இருபத்திரண்டரை வருடத்தில் முடிந்துவிடும்.

என் வங்கியும் அப்போது இஎம்ஐயைக் கூட்டவில்லை, தவணைக் காலத்தைத்தான் நீட்டியது. குறுஞ்செய்தியில் புதிய வட்டி விகிதம் மட்டும் இருந்தது. ஸ்டேட்மென்ட்டை எடுத்து, மீதித் தவணை என்ற இடத்தைப் பார்த்தபோதுதான் வருடங்கள் கூடியிருப்பது தெரிந்தது. பலருக்கு இது தெரியாமலே போயிற்று, ஏனென்றால் கணக்கிலிருந்து பிடிக்கும் தொகை மாறவில்லை. இந்தப் புகார் நாடு முழுக்கக் கிளம்பிய பிறகு, 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை போட்டது. வட்டி மாறும்போது இஎம்ஐயைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமாகச் செய்வதா என்று கடன்தாரரிடம் கேட்க வேண்டும். எந்தக் கட்டத்திலும் கட்டும் தவணை வட்டிக்கே போதாத நிலை வரக் கூடாது. நல்ல விதி. ஆனால் கேட்கும்போது பதில் சொல்ல நம் கையில் பணம் இருக்க வேண்டுமே.

அங்கேதான் 30 வருடக் கடன் மாட்டிக்கொள்கிறது. அதே 40 லட்சம், வட்டி 9.5. காலத்தை நீட்டாமல் சமாளிக்க 15 வருடக்காரரின் இஎம்ஐ 41,769 ஆக வேண்டும். 5,816 ரூபாய் கூடுதல், அதாவது 16 சதவீதம். 30 வருடக்காரரின் இஎம்ஐ 33,634 ஆக வேண்டும். 7,022 ரூபாய் கூடுதல், 26 சதவீதம். மாதச் செலவு தாங்காது என்றுதானே அவர் 30 வருடம் எடுத்தார்? அவருக்குத்தான் ரூபாயிலும் பெரிய அடி, சதவீதத்திலும் பெரிய அடி. 15 வருடக்காரர் இந்த அடியைக் காலத்தை நீட்டியும் தாங்கிக்கொள்ளலாம். 30 வருடத்தில் இருப்பவருக்கு நீட்ட இடமே இல்லை. வேலை ஓய்வு வயது ஏற்கெனவே தாண்டியிருக்கும்.

"சின்ன இஎம்ஐதான் பாதுகாப்பு" என்று வீட்டுப் பெரியவர்களும் சொல்வார்கள், வங்கியிலும் சொல்வார்கள். வட்டி நிலையாக இருந்தால் அது உண்மை. ஏறும் என்று வைத்துக்கொண்டால், இஎம்ஐயில் எவ்வளவு அசலுக்குப் போகிறது என்பதுதான் பாதுகாப்பு. 7 சதவீதத்தில் முதல் மாதத் தவணையை எடுத்துக்கொள்ளுங்கள். மூன்று பேருக்கும் வட்டி ஒன்றுதான்: 23,333. மீதிதான் அசலுக்கு. 15-ல் 12,620 ரூபாய், 20-ல் 7,679 ரூபாய், 30-ல் வெறும் 3,279 ரூபாய். வட்டி ஏறும்போது முதலில் தின்னப்படுவது இந்தப் பணம். 3,279 ரூபாய் எத்தனை நாளைக்குத் தாங்கும்?

ஐந்து வருடம் கழித்து வேலை மாறி வீட்டை விற்க நேர்ந்தாலும் இதே கதை. வட்டி மாறவே இல்லை என்று வைத்துக்கொண்டால்கூட, 30 வருடக்காரர் அதுவரை கிட்டத்தட்ட 16 லட்சம் கட்டியிருப்பார், பாக்கி 37.65 லட்சம் இருக்கும். 15 வருடக்காரருக்குப் பாக்கி 31 லட்சத்துக்குக் கீழே. விற்ற பணத்தில் கையில் மிஞ்சுவது யாருக்கு என்று சொல்லத் தேவையில்லை.

நியாயமாக மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். வட்டி இறங்கினால் நீண்ட கடனுக்குத்தான் லாபம் அதிகம். 2025 பிப்ரவரி முதல் டிசம்பர் வரை ரெப்போ 6.5-லிருந்து 5.25-க்கு வந்தது. நீண்ட கடன் வைத்திருப்பவர்கள் இதில் நன்றாகவே மூச்சு விட்டிருப்பார்கள். அவர்களுக்கு ஒன்றுதான் சொல்வேன்: இஎம்ஐயைக் குறைக்கச் சொல்லாதீர்கள், அதே தொகையைக் கட்டிக் காலத்தைக் குறைத்துக்கொள்ளுங்கள்.

30 வருடக் கடனுக்கு ஆதரவாக வரும் வாதங்களில் வலுவானது இதுதான்: காகிதத்தில் 30 போட்டுவிட்டு, 15 வருட இஎம்ஐ அளவுக்குக் கூடுதலாகக் கட்டினால் கணக்கு ஒன்றுதானே? ஆமாம், ஒன்றுதான். தனிநபர்களின் ஃப்ளோட்டிங் வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைத்தால் வங்கி அபராதம் போடக் கூடாது என்பது 2012-லிருந்தே விதி. வருடத்துக்கு ஒரே ஒரு இஎம்ஐ கூடுதலாகக் கட்டினாலும் 30 வருடக் கடனில் சுமார் ஆறு வருடம் குறையும். போனஸ் வந்ததும் நேராகக் கடனுக்குக் கட்டிவிடும் கட்டுப்பாடு உள்ளவர்களை எனக்குத் தெரியும். அவர்களுக்கு இந்த வழி பொருந்தும். ஆனால் பள்ளிக் கட்டணம், தங்கை கல்யாணம், அப்பாவுக்குக் கண் ஆபரேஷன் என்று ஒவ்வொரு வருடமும் ஏதாவது ஒன்று வரும் வீட்டில், கட்டாயம் இல்லாத பணம் கடனுக்குப் போய்ச் சேர்வது கஷ்டம். கட்டாயத் தவணையாக இருந்தால் போகும். இந்த வழியில் போகிறவர்கள் பகுதிப் பணம் கட்டும்போது, "இஎம்ஐ அப்படியே இருக்கட்டும், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுத்து, திருத்திய தவணை அட்டவணையையும் கையோடு வாங்கிவிடுங்கள்.

மிச்சமாகும் 9,341 ரூபாயை மியூச்சுவல் ஃபண்டு எஸ்ஐபியில் (மாதாமாதம் ஒரு தொகை முதலீடு செய்யும் முறை) போட்டால் வட்டியைவிட அதிகம் வருமே என்பது அடுத்த வாதம். வரலாம். பதினைந்து வருடம் விடாமல் எஸ்ஐபி போட்ட அனுபவம் எனக்கில்லை, அதனால் அடித்துச் சொல்ல மாட்டேன். கடனை அடைத்தால் மிச்சமாகும் வட்டி நிச்சயமானது. பங்குச் சந்தையில் வருவது நிச்சயமற்றது, லாபத்துக்கு வரியும் உண்டு. இரண்டையும் ஒரே தராசில் வைக்க எனக்கு மனம் வரவில்லை.

வரிச் சலுகைக்காக நீண்ட கடன் எடுக்கிறவர்களுக்கு இரண்டே வரி. பழைய வரி முறையில் சொந்தக் குடியிருப்புக்கு வட்டிக் கழிவு வருடம் 2 லட்சம்தான்; 40 லட்சக் கடனில் முதல் வருட வட்டி 15-லும் 30-லும் அந்த வரம்பைத் தாண்டிவிடுகிறது. புதிய முறையில் அந்தக் கழிவே கிடையாது.

15 வருடக் கடனின் ஆபத்து எங்கே என்றால், இஎம்ஐ பெரிது என்பதால் சம்பளம் நின்றால் சீக்கிரம் தடுமாறும். தவணை 90 நாளுக்கு மேல் பாக்கி நின்றால் கணக்கு வாராக் கடன் ஆகிவிடும். பிறகு சர்ஃபாசி சட்டத்தில் (நீதிமன்றம் போகாமலே அடமானச் சொத்தை வங்கி எடுக்க வழிசெய்யும் சட்டம்) 60 நாள் நோட்டீஸ் வரும். அதனால் ஆறு மாத இஎம்ஐயை எஃப்டியில் தனியாக வைத்துவிட்டுத்தான் 15-ல் இறங்க வேண்டும். அதற்கு வழியில்லாவிட்டால் 20 எடுங்கள், சம்பளம் உயர உயர இஎம்ஐயைக் கூட்டச் சொல்லுங்கள். கடை வைத்திருப்பவர்கள், காண்ட்ராக்ட் வேலை செய்பவர்கள், வருமானம் ஒரு மாதம் போல் இன்னொரு மாதம் இல்லாதவர்கள் விஷயத்தில் என் அனுபவம் போதாது. அவர்களுக்கு நீண்ட கடனும் கை நிறைந்த மாதத்தில் கூடுதல் கட்டணமும்தான் ஒத்துவரும் என்று தோன்றுகிறது.

எந்தக் கடன் எடுத்தாலும் ஒரு செலவைக் கவனியுங்கள். கடன் காப்பீடு என்று ஒரே பிரீமியமாகப் போட்டு, அந்தத் தொகையையும் கடனோடு சேர்த்துவிடுவார்கள். ஒரு லட்சம் பிரீமியம் 30 வருடக் கடனில் சேர்ந்தால் 7 சதவீதத்தில் மொத்தம் 2.4 லட்சம் கட்டுகிறோம். காப்பீடு வேண்டும்தான், அதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. தனியாக டேர்ம் பாலிசி (இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) எடுத்து வருடாவருடம் கட்டினால் அந்தப் பணத்துக்கு வட்டி கிடையாது. கடன் முடிந்ததும், எம்ஓடி (வீட்டுப் பத்திரத்தை வங்கியில் அடமானம் வைத்த பதிவு) ரத்துக்கான ரசீதுப் பத்திரத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்து, வில்லங்கச் சான்றில் அது ஏறிவிட்டதா என்று பார்ப்பதும் நம் செலவு, நம் வேலை. அசல் பத்திரங்களை 30 நாளுக்குள் வங்கி திருப்பித் தர வேண்டும். அதன் பக்கம் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் நமக்குத் தர வேண்டும் என்ற விதி 2023 டிசம்பரிலிருந்து இருக்கிறது.

இப்போது கடன் எடுக்கப் போகிறவர்களுக்கு, எனக்கு அன்று கிடைக்காத ஒரு வசதி இருக்கிறது. 2024 அக்டோபர் முதல் தேதியிலிருந்து எல்லா சில்லறைக் கடன்களுக்கும் கேஎஃப்எஸ் என்ற முக்கிய விவரத் தாளைத் தர வேண்டும். வட்டியோடு கட்டணம், காப்பீடு எல்லாம் சேர்த்த வருடாந்திரச் செலவு விகிதம், அதாவது ஏபிஆர், அதில் இருக்கும். தவணை அட்டவணையும் இருக்கும். ஃப்ளோட்டிங் கடன் என்றால் இன்னொரு வரியும் இருக்கும்: ரெப்போ கால் சதவீதம் மாறினால் இஎம்ஐ எவ்வளவு மாறும், தவணைகள் எத்தனை மாறும் என்று. கையெழுத்துக்கு முன் 15, 20, 30 மூன்றுக்கும் அந்த வரியைக் கேட்டு வாங்குங்கள். நான் சொன்ன 40 லட்சத்துக்கு, 7 சதவீதம் 7.25 ஆனால், இஎம்ஐ மாறாமல் கூடும் தவணைகள் 15 வருடக் கடனில் 5. 20-ல் 11. 30-ல் 36.