பாலக்காட்டுக் கணவாய்க்கு ரெண்டு பக்கமும் காட்டுகிறேன் என்றவருக்கு ₹58,500 கொடுத்துவிட்டு வந்திருக்கிறேன்

ஞாயிறு ராத்திரி திருச்சி வந்து இறங்கினோம். இன்று செவ்வாய். கோபம் ஆறுவதற்குள் எழுதிவிட வேண்டும் என்று உட்கார்ந்திருக்கிறேன். ஆறிவிட்டால் "போனது போகட்டும்" என்று நானே விட்டுவிடுவேன், என் குணம் எனக்குத் தெரியும்.

₹58,500. எனக்கும் தங்கைக்கும் சேர்த்து. ஆளுக்கு ₹29,250. என் பங்கு ரிட்டயர்மென்ட் பணத்திலிருந்து, அவள் பங்கு சீட்டு எடுத்த காசு. ஊட்டியில் ரெண்டு ராத்திரி, மூணாறில் ரெண்டு ராத்திரி, "மேகக்காடுகளில் பறவை நோக்கல், 15 வருட அனுபவமுள்ள நேச்சுரலிஸ்ட் கூடவே வருவார், எல்லா பர்மிஷனும் அடக்கம்" என்று ஒரு பயண ஆப்பில் போட்டிருந்தார்கள். ஆப் பேரையும் நடத்துகிறவர் பேரையும் இங்கே எழுதவில்லை. இந்த மாதிரி ஆப் பத்து இருக்கிறது, ஆள் நூறு பேர் இருக்கிறார்கள்.

பறவை பார்க்காதவர்களுக்கு ஒரு விஷயம் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் நான் ஏமாந்தது எங்கே என்று புரியாது. மேற்குத் தொடர்ச்சி மலையில் உயரத்தில் இருக்கிற சோலைகள்தான் நம் ஊர் மேகக்காடு. குட்டை மரம், மரம் முழுக்கப் பாசி, மூடுபனி வந்து இலையில் மோதிச் சொட்டும். அந்த இருட்டுக்குள் தரையோடு தரையாகத் தத்துகிற ஒரு பறவை இருக்கிறது, சோலைக்கிளி. கிளி என்று பேர்தான், கிளி இல்லை, சிட்டுக்குருவி அளவுதான் இருக்கும். பாலக்காட்டுக் கணவாய் 30, 40 கிலோமீட்டர் அகலத்துக்கு மலையை ரெண்டாக வெட்டிப் போட்டிருக்கிறது அல்லவா, இந்தக் குளிர்க்காட்டுப் பறவை அந்தச் சூடான பள்ளத்தைத் தாண்டுவதில்லை. அதனால் வடக்கே நீலகிரி சோலைக்கிளி, தெற்கே மூணாறு கொடைக்கானல் பக்கம் வெள்ளை வயிற்றுச் சோலைக்கிளி. சிரிப்பான் என்கிற பறவைகளும் இப்படித்தான். வடக்கே நீலகிரிச் சிரிப்பான், தெற்கே பழனிச் சிரிப்பான். 2017-இல் சோலைக்கிளிகளுக்கு ஷோலிகோலா, சிரிப்பான்களுக்கு மான்டிசிங்க்லா என்று தனித்தனிப் பேரினமே வைத்தார்கள். நான் ஊட்டியோடு நிற்காமல் மூணாறும் சேர்ந்த பேக்கேஜைத் தேடியது இதற்காகத்தான். நாலு பறவை, கணவாய்க்கு இந்தப் பக்கம் ரெண்டு, அந்தப் பக்கம் ரெண்டு.

இப்போது நான் விழுந்த இடம். ஃபோனில் ட்ரிப் நடத்துகிறவரிடம் ஒரு கேள்வி கேட்டேன். "வெள்ளை வயிற்றுச் சோலைக்கிளிய மூணாறுல எந்தப் பக்கம் காட்டுவீங்க?" ரெண்டு நொடி பேச்சில்லை. அப்புறம் சொன்னார்: "அக்கா, பத்து வருஷமா ட்ரிப் பண்றேன். வர்றவங்க எல்லாம் யானை காட்டுவீங்களா, புலி காட்டுவீங்களான்னுதான் கேப்பாங்க. நீங்க கேட்ட கேள்வியிலயே தெரியுதுக்கா, நீங்க சீரியஸ் பேர்டர்."

அவ்வளவுதான். முப்பத்தொரு வருஷம் கேஷ் கவுன்ட்டரில் உட்கார்ந்து கள்ள நோட்டை விரலாலேயே கண்டுபிடித்தவள் நான். அந்த ஒரு வார்த்தைக்கு விழுந்துவிட்டேன். காவிரிக்கரையிலும் கரைவெட்டி ஏரியிலும் தனியாக பைனாக்குலரை வைத்துக்கொண்டு நிற்கிறவளை வீட்டில் யாரும் சீரியஸ் பேர்டர் என்று சொன்னதில்லை, கிண்டல்தான் பண்ணுவார்கள். கேட்ட கேள்விக்கு அவர் பதிலே சொல்லவில்லை என்பது ஃபோனை வைத்து மூன்று வாரம் கழித்துத்தான் உறைத்தது.

மறுநாள் காலை ஆறு மணிக்கு வாட்ஸ்அப்பில் ஒரு ஆடியோ வந்தது. 12 செகண்டு. சீட்டியடிப்பது போல ஏறி இறங்கும் ஒரு பாட்டு. கீழே, "இப்பதான் எங்க வீட்டுக்குப் பின்னாடி சோலைல ரெக்கார்ட் பண்ணேன்கா. உங்களுக்காக வெயிட் பண்ணுது." நான் அதைத் தங்கைக்குப் போட்டுக் காட்டினேன். ஏழெட்டுத் தடவை கேட்டோம். அன்றைக்கே ₹20,000 அட்வான்ஸ் ஜிபே பண்ணினேன். கிளம்ப நாலு நாள் இருக்கையில், "ஹோட்டல்காரங்க ஃபுல் பேமென்ட் கேக்கறாங்கக்கா" என்றார். மீதி ₹38,500-ம் போனது.

கோயம்புத்தூரில் வண்டி வந்தது. கல்லாறு செக்போஸ்ட்டில் நிறுத்தினார்கள், இ-பாஸ் இல்லை. 2024 மே மாதத்திலிருந்து ஊட்டிக்கும் கொடைக்கானலுக்கும் வெளியூர் வண்டி போக இ-பாஸ் வேண்டும் என்பது சின்னப் பிள்ளைக்குத் தெரியும், பத்து வருஷமாக ட்ரிப் பண்ணுகிறவருக்குத் தெரியவில்லை. டிரைவர் என் ஃபோனில் என் நம்பரைப் போட்டு எடுத்தார். அப்போதே இறங்கித் திரும்பியிருக்க வேண்டும்.

"சோலையைப் பார்த்தாற்போல அறை" என்று போட்டிருந்தது. ஜன்னலைத் திறந்தால் சீகை (வாட்டில்) மரத் தோப்பு, அதற்குப் பின்னால் கற்பூர மரம், அதாவது யூகலிப்டஸ். ரெண்டும் வெளிநாட்டிலிருந்து கொண்டுவந்து நட்டவை. அதைச் சோலை என்று சொல்வது, பம்ப்செட் தொட்டியைக் காவிரி என்று சொல்வது மாதிரி.

15 வருட நேச்சுரலிஸ்ட் மறுநாள் காலை ஒன்பதரைக்கு வந்தார். சோலைப் பறவை விடிந்து ரெண்டு மணி நேரம்தான் நன்றாக நடமாடும், நாங்கள் ஐந்தே முக்காலுக்கே ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு வாசலில் நின்றோம். வந்தது இருபது வயசுப் பையன். காலேஜ் படிக்கிறான். முந்தின நாள்தான் கூப்பிட்டார்களாம், ஒரு நாளைக்கு ₹800. அவன் மேல் எனக்குக் கோபமில்லை. தங்கை அவனுக்கு இட்லி வாங்கிக் கொடுத்தாள்.

கழுத்தில் பைனாக்குலர் இல்லை, கையில் ஒரு புளூடூத் ஸ்பீக்கர். தொட்டபெட்டா ரோட்டில் ஒரு ஓடைப் பக்கம் நிறுத்தி அதைத் தட்டினான். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அதே 12 செகண்டு! ஏறி இறங்கும் அதே பாட்டு, நடுவில் அதே இடத்தில் ஒரு காக்காய் கத்தல். "தம்பி, இது எங்க எடுத்தது?" என்றேன். "நெட்ல டவுன்லோட் பண்ணதுங்க மேடம். அண்ணன் எல்லா கைடுக்கும் இதத்தான் அனுப்புவாரு." உலகத்துப் பறவைச் சத்தமெல்லாம் சேர்த்து வைத்திருக்கிற பொதுத்தளத்தில் யாரோ ஏற்றியது. இனப்பெருக்கக் காலம் தொடங்குகிற நேரத்தில் எதிராளி வந்திருக்கிறான் என்று பறவையைப் பதற வைக்கிற வேலை வேறு. நிறுத்தச் சொன்னேன், நிறுத்திவிட்டான். அந்தப் பயணம் முழுக்க நான் கேட்ட சோலைக்கிளிக் குரல் அந்த ஸ்பீக்கரில் வந்தது மட்டும்தான்.

பொய் சொல்ல மாட்டேன், பறவை பார்த்தோம். நீலகிரிச் சிரிப்பான் ஒரு கூட்டமே தொட்டபெட்டா கார் நிற்கிற இடத்தில் சிந்தின சுண்டலைப் பொறுக்கிக்கொண்டிருந்தது. கருப்பு ஆரஞ்சு ஈப்பிடிப்பான் லாட்ஜ் வேலியில் உட்கார்ந்திருந்தது. காட்டுப்பூவரசு சிவப்பாகப் பூத்திருந்தது. பஸ்ஸில் போய் இறங்குகிறவருக்கும் இதெல்லாம் கிடைக்கும்.

மத்தியானம் பையன் எங்களை ஒரு சோலைக்குள் கூட்டிப்போனான். இருபதடி போவதற்குள் ஃபாரஸ்ட் கார்டு பிடித்துவிட்டார். காட்டுத்தீ சீசன், பர்மிஷன் எங்கே என்றார். குரங்கணியில் 2018-இல் மலையேறப் போனவர்கள் காட்டுத்தீயில் செத்ததை நினைத்துப் பாருங்கம்மா என்றார். எங்களுக்கு வாயடைத்துப் போயிற்று. அவர் சொன்னதில் ஒரு எழுத்துக்கூடத் தப்பில்லை. வயசைப் பார்த்து, பேரை மட்டும் எழுதிக்கொண்டு விட்டார். அந்த நோட்டில் என் பேர் இருக்கிறது. "எல்லா பர்மிஷனும் அடக்கம்."

மூன்றாம் நாள் மூணாறுக்குக் கிளம்ப வேண்டும். காலையில் ஃபோன். "அக்கா, மூணாறு ரோட்ல மண்சரிவு." மார்ச் மாதம். மேலே ஒரு பொட்டு மேகமில்லை. எங்கே மண்சரிவு என்று கேட்டதும் பேச்சு மாறிற்று. "எப்படியும் இரவிகுளம் மூடியிருக்குக்கா, வரையாடு குட்டி போடற டைம்." அது ஒவ்வொரு வருஷமும் பிப்ரவரி, மார்ச்சில் மூடுகிறதுதான். அப்படியிருக்க மார்ச் மாத ட்ரிப்பில் நாலாம் நாள் இரவிகுளம் என்று எதற்கையா அச்சடித்தீர்கள்? அதற்குப் பதில் இல்லை. மூணாறு ஹோட்டலுக்கு நானே ஃபோன் போட்டேன். எங்கள் பேரில் ரூமே போடவில்லை.

அதற்குப் பதிலாக பொட்டானிக்கல் கார்டன், போட் ஹவுஸ், சாக்லேட் கடை. திரும்புகிற அன்று தொட்டபெட்டாவில் மறுபடி அதே சிரிப்பான் கூட்டம். "மேடம், இதுதான் பழனிச் சிரிப்பான்" என்றான் பையன். கண்ணைப் பார்க்காமல் சொன்னான், சொல்லச் சொல்லியிருக்கிறார்கள். நான் எடுத்த ஃபோட்டோவில் மார்பு முழுக்கச் செம்பழுப்பு. பழனிச் சிரிப்பானுக்கு மார்பு சாம்பல், வயிறுதான் செம்பழுப்பு. அதைவிட, அது பழனிச் சிரிப்பானாக இருக்க வேண்டுமென்றால் கணவாயைத் தாண்டி ஊட்டி வந்து சுண்டல் தின்ன வேண்டும்.

ட்ரிப்காரர்களுடைய வாட்ஸ்அப் குரூப்பில் எல்லாரும் ஃபோட்டோ போடச் சொன்னார்கள், நானும் அந்தப் படத்தைப் போட்டேன். போட்டுவிட்டு, தனியாக அவருக்கு மெசேஜ் அனுப்பினேன், பாதிப் பணத்தையாவது திருப்புங்கள் என்று. பாதி என்று நான் கேட்டதே முட்டாள்தனம், ₹58,500-ம் கேட்டிருக்க வேண்டும்.

முதல் பதில்: "பார்த்துட்டுச் சொல்றேன்கா." அடுத்து: "அக்கவுண்ட்ஸ்ல கேட்டிருக்கேன் மேடம்." அக்கா போய் மேடம் ஆகிவிட்டேன். அடுத்து: "பறவைகள் இயற்கை, அதுங்க வரும்னு யாரும் கேரண்டி தர முடியாது." நான் கேட்டது பறவைக்கு கேரண்டியா? மூணாறு என்கிற ஊர் பறந்தா போய்விட்டது? அடுத்து: "மொத்தம் 41 இனம் பாத்திருக்கீங்க, அதுக்கே இந்த விலை தகும்." அந்த 41-இல் காக்காய், மைனா, மாடப்புறா எல்லாம் உண்டு. கடைசியாக ஒரு பெருந்தன்மை: இலங்கையில் ஹோர்ட்டன் சமவெளிக்கு ட்ரிப் போடுகிறார்களாம், அதில் எங்களுக்கு ₹5,000 கழிவு. அதற்கப்புறம் அழைத்தால் எடுப்பதில்லை. நேற்று மத்தியானம் குரூப்பிலிருந்து தூக்கிவிட்டார்கள்.

ஆப்காரர்களிடம் கேட்டால், "நாங்கள் அறிமுகம் மட்டும்தான் செய்கிறோம், பணம் நீங்கள் நேரடியாகக் கொடுத்தது." உண்மைதான். ஆப்பில் கட்டினால் கமிஷன் போகும், நேராக அனுப்பினால் உங்களுக்கு ₹3,000 குறைச்சுக்கறேன்கா என்றார். ₹3,000 மிச்சம் பிடிக்கப் போய் ₹58,500.

என்னென்ன பார்க்க வேண்டும் என்று பத்துப் பாயின்ட் எழுதுகிறேன் என்று தங்கையிடம் சொல்லியிருந்தேன். கை நடுங்குகிறது, தோன்றுவதைச் சொல்கிறேன். ஆப்புக்கு வெளியே பணம் அனுப்பாதீர்கள். கூட வரப்போகிற கைடிடம் முன்னாடியே பேசுங்கள், நடத்துகிறவரிடம் இல்லை, கைடிடம். ஹோட்டலுக்கு நீங்களே ஃபோன் போட்டு ரூம் இருக்கிறதா என்று கேளுங்கள், ஒரு நிமிஷ வேலை. வனத்துறை அனுமதிச் சீட்டின் படத்தை அனுப்பச் சொல்லுங்கள். ரிவ்யூ தேதிகளைப் பாருங்கள். நான் இப்போது போய்ப் பார்த்தேன், அத்தனை ஐந்து ஸ்டாரும் ஒரே பதினைந்து நாளில் வந்தவை. உங்களைப் புகழ்கிறவரிடம்… சரி, அது எனக்கு நானே சொல்லிக்கொள்வது.

நுகர்வோர் உதவி எண் 1915-இல் புகார் பதிந்துவிட்டேன். ஜிபே ரசீது, அந்த 12 செகண்டு ஆடியோ, எல்லாம் எடுத்து வைத்திருக்கிறேன்.

இதை எழுதி முடிக்கும்போது தங்கை ஒரு ஸ்கிரீன்ஷாட் அனுப்பினாள். அதே ஆப்பில் அவர்களுடைய ஏப்ரல் ட்ரிப் விளம்பரம். மேலே பெரிதாக ஒரு படம். தொட்டபெட்டாவில் நான் எடுத்த சிரிப்பான், வாலுக்குப் பக்கத்தில் சுண்டல் காகிதம்கூட அப்படியே இருக்கிறது. கீழே, "பழனிச் சிரிப்பான், மார்ச் ட்ரிப்பில் எங்கள் விருந்தினர் எடுத்தது." இன்னும் 4 சீட்தான் பாக்கியாம்.