விண்மீன் கொத்துகள் பார்க்க 10×50 பைனாகுலர் போதுமா?

வானம் பார்க்க ஆசைப்படுகிறவர்கள் முதலில் கேட்பது "எந்த டெலஸ்கோப் வாங்கலாம்?" என்றுதான். முதலில் ஒரு 10×50 பைனாகுலர் வாங்குங்கள் என்பேன். அதிலும் உங்களை இழுப்பது விண்மீன் கொத்துகள்தான் என்றால் யோசிக்கவே வேண்டாம். 10 என்பது உருப்பெருக்கம், 50 என்பது முன்பக்க லென்ஸின் விட்டம் மில்லிமீட்டரில். நான் வைத்திருப்பது போரோ பட்டகம் (உள்ளே ஒளியைத் திருப்பிவிடுகிற ஒருவகைக் கண்ணாடிக் கட்டை) உள்ள, நடுத்தர விலையில் வருகிற சாதாரண மாடல். கம்பெனி பெயர் இங்கே முக்கியமில்லை, இந்த அளவில் கிடைப்பவற்றில் பெரும்பாலானவை ஏறத்தாழ இப்படித்தான் இருக்கும்.

இதன் பெரிய பலம் உருப்பெருக்கம் அல்ல, பார்வைப் பரப்பு. ஒரே நேரத்தில் ஆறரை டிகிரி வானம் தெரியும், அதாவது 13 முழு நிலவுகளை வரிசையாக வைக்கிற அகலம். இது எவ்வளவு பெரிய வசதி என்பது கார்த்திகையைப் பார்த்தால் புரியும். கலிலியோ 1610இல் அந்தக் கூட்டத்தை வரைந்து வெளியிட்டார், வெறும் கண்ணுக்கு ஆறு தெரிகிற இடத்தில் 36 விண்மீன்களைக் குறித்திருந்தார். ஆனால் அவருடைய குழலில் ஒரு தடவைக்குத் தெரிந்தது பாதி நிலா அகலம்தான், கார்த்திகையோ நான்கு நிலா அகலத்துக்குப் பரந்து கிடக்கிறது. குழலை நகர்த்தி நகர்த்தித் துண்டு துண்டாகப் பார்த்துத்தான் அந்தப் படத்தை அவர் சேர்த்திருக்க முடியும். 10×50இல் அது மொத்தமாக, சுற்றிலும் கறுப்பு வானத்தோடு, நீலச் சாயலில் வந்து நிற்கிறது. கார்த்திகை மாதத்தில் நமக்கு மழையும் மேகமும்தான், அதனால் தை பிறந்தபின் இரவு எட்டு மணிவாக்கில் பாருங்கள், ஏறக்குறைய தலைக்கு மேலேயே இருக்கும். இந்தக் கூட்டம் தற்செயலாக ஒரே திசையில் தெரிகிற விண்மீன்களா, இல்லை உண்மையிலேயே சேர்ந்திருப்பவையா என்று 1767இல் ஜான் மிச்சல் என்ற ஆங்கிலேயப் பாதிரியார் கணக்குப் போட்டார். தற்செயலாக இருக்கும் வாய்ப்பு சுமார் 5 லட்சத்தில் ஒன்று என்று வந்தது. தூரம் அளக்க வழியே இல்லாத காலத்தில் வெறும் நிகழ்தகவை வைத்து ஒருவர் இதைச் சொல்லியிருக்கிறார் என்பது எனக்கு இன்றும் சிலிர்ப்பாக இருக்கிறது.

அதே தை, மாசியில் இரவு வானத்தின் மிகப் பிரகாசமான விண்மீனான சிரியஸைப் பிடியுங்கள். அதற்குத் தெற்கே நான்கு டிகிரியில், அதே பார்வைப் பரப்புக்குள்ளேயே, எம்41 என்ற கொத்து தெரியும் ('எம்' என்பது 18ஆம் நூற்றாண்டுப் பிரெஞ்சு வானியலாளர் மெசியேவின் பட்டியல் எண்). இதை முதலில் பதிவு செய்தவர் சிசிலியில் இருந்த ஜியோவன்னி பட்டிஸ்டா ஓடியெர்னா என்ற பாதிரியார், 1654இல் அச்சிட்ட பட்டியலில். மெசியேவுக்கு நூறு வருடத்துக்கு முந்தைய ஆள், ஆனாலும் அவருடைய வேலை 1980கள் வரை கிட்டத்தட்ட யார் கண்ணிலும் படாமல் கிடந்தது. எம்36, எம்37, எம்38 எல்லாமே அவர் பார்த்தவைதான். பைனாகுலரோடு இந்தக் கொத்துகளைத் தேடும்போது அவர் பெயரையும் நினைத்துக்கொள்ளலாம். சிரியஸுக்குக் கிழக்கே எட்டு டிகிரி போனால் என்ஜிசி 2360 (என்ஜிசி, பின்னால் வருகிற ஐசி இரண்டும் வான்பொருள் பட்டியல்களின் பெயர்கள்), வானியலாளர் கரோலின் ஹெர்ஷல் 1783 பிப்ரவரியில் கண்டுபிடித்தது. இது நகரத்து மொட்டை மாடியிலிருந்து தெரியாது, தெருவிளக்கு இல்லாத கிராமத்துக்குப் போனால் மங்கலான ஒரு திட்டாகத் தெரியும், அவ்வளவுதான்.

இப்போது எனக்கு மிகவும் பிடித்த பகுதி, தெற்கு வானம். சித்திரை, வைகாசி இரவுகளில் தெற்கே சென்டாரஸ் விண்மீன் குழுவில் பீட்டா சென்டாரி என்ற விண்மீனிலிருந்து எப்சிலான் சென்டாரிக்கு ஒரு கோடு போட்டு, அதே தூரம் இன்னொரு தடவை நீட்டினால் ஒமேகா சென்டாரி, ஒரு கோளக் கொத்து, அதாவது உருண்டையாக நெருங்கிக் கிடக்கிற விண்மீன் கூட்டம். பழங்கால வானியலாளர் தாலமி இதை ஒரு விண்மீன் என்றுதான் எழுதினார், 1603இல் வான வரைபடம் வெளியிட்ட பேயர் 'ஒமேகா' என்று எழுத்துக் கொடுத்ததும் விண்மீன் என்று நினைத்துத்தான். அது விண்மீன் இல்லை என்று கண்டவர் எட்மண்ட் ஹாலி, 1677இல். லண்டனில் இது உதிப்பதே கிடையாது, அதனால் ஆக்ஸ்ஃபோர்டு படிப்பைப் பாதியில் விட்டு, கிழக்கிந்தியக் கம்பெனிக் கப்பலில் ஏறி, 20 வயதில் செயின்ட் ஹெலினா தீவுக்குப் போனார். நமக்கோ கன்னியாகுமரியில் அது அடிவானத்திலிருந்து 34 டிகிரி மேலே ஏறுகிறது, சென்னையிலேயே 29 டிகிரி. ஏறக்குறைய 17,000 ஒளியாண்டு தூரம், ஒரு கோடி விண்மீன்கள் என்று மதிப்பிடுகிறார்கள். 10×50இல் தனித்தனி விண்மீன்களாகப் பிரிந்து தெரியாது, நடுவில் அடர்த்தியாகவும் ஓரத்தில் கரைந்தும் போகிற பெரிய பஞ்சு உருண்டை மாதிரி இருக்கும். பிரித்துப் பார்க்க வேண்டுமென்றால் ஆறு அங்குல டெலஸ்கோப்பாவது வேண்டும், ஆனால் இதைக் கண்டுபிடித்துக் கண்ணால் பிடிக்கிற சந்தோஷத்துக்கு இந்தக் கருவி தாராளம்.

இன்னும் தெற்கே, தீட்டா கரினா என்ற விண்மீனைச் சுற்றி ஐசி 2602 என்ற கொத்து இருக்கிறது, தென்திசைக் கார்த்திகை என்றே சொல்வார்கள். மதுரையில் 15 டிகிரி உயரத்துக்குத்தான் வரும், தெற்கே மரமோ கட்டடமோ மறைக்காத இடம் வேண்டும். பிரெஞ்சு வானியலாளர் நிக்கோலா லூயி த லக்காய் 1751இல் நன்னம்பிக்கை முனைக்குப் போய், ஓராண்டுக்குள் ஏறக்குறைய 10,000 விண்மீன்களை அளந்து, 42 மங்கல் பொருள்களையும் பட்டியலிட்டார். இந்தக் கொத்தும் அவர் கணக்கில்தான். அந்தக் கணக்கெடுப்புக்கு அவர் பயன்படுத்திய கருவி என்ன தெரியுமா? அரை அங்குல விட்டமுள்ள, எட்டு மடங்கு பெரிதாக்குகிற சின்னக் குழல். உங்கள் கையில் இருக்கும் பைனாகுலரின் ஒரு பக்கம் மட்டுமே அதைவிட சுமார் 15 மடங்கு ஒளியைச் சேர்க்கும். கருவி சின்னதாக இருக்கிறதே என்று தயங்குகிறவர்களுக்கு இந்த ஒரு தகவலே போதும் என்று நினைக்கிறேன்.

ஆடி மாதம் மேகம் விலகினால் விருச்சிகத்தின் வால் பக்கம், மூலம் நட்சத்திரத்துக்குப் பக்கத்தில் எம்6, எம்7 இரண்டையும் ஒரே பார்வையில் பார்க்கலாம். எம்7ஐ தாலமியே எழுதி வைத்திருக்கிறார். பாரிஸிலிருந்து மெசியே பார்த்தபோது அது அடிவானத்துக்கு ஆறு டிகிரி மேலேதான் வரும், மதுரையில் 45 டிகிரி. அதே இரவில் தனுசில் எம்22, 1665இல் ஆபிரகாம் இலே சனிக்கோளைப் பார்த்துக்கொண்டிருந்தபோது கண்ணில் பட்டது, முதன்முதலில் கண்டுபிடிக்கப்பட்ட கோளக் கொத்து என்று இதைத்தான் சொல்கிறார்கள்.

சரி, குறைகளுக்கு வருவோம். பத்து மடங்கில் கை நடுக்கமும் பத்து மடங்காகத் தெரியும். மாடியில் பாய் விரித்துப் படுத்து முழங்கையை மார்போடு ஒட்டி வைத்தால் பெருமளவு குறையும், தெற்கு வானத்துக்கு முக்காலிதான் நல்லது, ஆனால் அதில் மாட்டுகிற எல் வடிவ அடாப்டர் பெட்டியில் வரவில்லை, தனியாக வாங்க வேண்டியிருந்தது. எடை ஒரு கிலோவுக்குக் கொஞ்சம் குறைவு, பத்து நிமிடத்தில் தோள் வலிக்கும். பார்வைப் பரப்பின் ஓரத்தில் விண்மீன்கள் கோடு போல இழுபடுகின்றன, நடுவில் மட்டும் ஊசிமுனை. வலது கண்ணுக்குத் தனியாகத் தெளிவைச் சரிசெய்கிற வளையம் சில சமயம் தானே நகர்ந்துவிடுகிறது. கடலோர ஊர்க்காரர்கள் சிலிக்கா ஜெல் பொட்டலம் போட்டுக் காற்றுப் புகாத டப்பாவில் வையுங்கள், லென்ஸில் பூஞ்சை பிடித்தால் சரிசெய்வது கஷ்டம்.

வாங்கும்போது ஜூம் வசதி உள்ளதும் சிவப்பாக மின்னும் லென்ஸ் உள்ளதும் வேண்டாம். பைனாகுலரைக் கண்ணிலிருந்து ஓரடி தள்ளி வெளிச்சத்தை நோக்கிப் பிடித்தால் கண் பக்க லென்ஸில் சின்ன ஒளி வட்டம் தெரியும், அது முழு வட்டமாக இருந்தால் நல்ல பட்டகம், ஓரம் வெட்டுப்பட்டுச் சதுரமாகத் தெரிந்தால் மலிவானது. அப்புறம் தூரத்துக் கோபுரத்தையோ செல்போன் டவரையோ இரண்டு கண்ணாலும் பாருங்கள், ஒன்று இரண்டாகத் தெரிந்தாலோ கண் இழுப்பது போல இருந்தாலோ வேறு ஒன்று கேளுங்கள். ஆன்லைனில் வாங்கினால் திருப்பிக் கொடுக்கும் கெடு முடிவதற்குள் இந்தச் சோதனையைச் செய்துவிடுங்கள். சனியின் வளையம்தான் பார்க்க வேண்டும் என்றால் இது வேண்டாம், பத்து மடங்கில் வளையம் தனியாகத் தெரியாது.